வேறு காய்ச்சல்

சிகந்தராபாத்தில் சாவுப் பதிவு ஆபீசில் இருபத்தாறு வருஷம் குமாஸ்தாவாக இருந்த கிதியோன், பயத்தை மறைக்கத் தெரியாத மனிதர். நாய்க்குப் பயம், இடிக்குப் பயம், துரையின் பூட்ஸ் சத்தத்துக்குப் பயம். சர்ச்சில் போதகர் கொஞ்சம் குரலை உயர்த்தினால்கூட, தன்னைத்தான் சொல்கிறாரோ என்று பெஞ்சில் நெளிவார். இப்படிப்பட்டவருக்குப் போயும் போயும் செத்தவர்களைத் தினம் பார்சல் கட்டுகிற வேலை கிடைத்தது யார் செய்த குறும்போ தெரியவில்லை.

பார்சல் என்றால் காகிதப் பார்சல்தான். ஊரில் யார் செத்தாலும் ஆபீசுக்கு ஒரு சீட்டு வரும். பெயர், தெரு, வயது, எதனால் செத்தார் என்பதெல்லாம் அதில் இருக்கும். கிதியோனின் மேசையில் அச்சடித்த அட்டவணை ஒன்று கண்ணாடிக்கு அடியில் கிடந்தது. அதன்படி எல்லாச் சாவும் முதலில் இரண்டாகப் பிரியும்: நோயில் போனது, விபத்தில் போனது. நோய் ஆறு வகுப்பாகப் பிரியும். அதில் ஒன்று காய்ச்சல். காய்ச்சலுக்குள் மலேரியா, டைபாய்டு, அம்மை, பிளேக் என்று நாலு கிளை. இவை எதிலும் அடங்காததற்கு ஐந்தாவதாக ‘வேறு காய்ச்சல்’ என்று ஒன்று.

சீட்டை எந்தக் கிளையில் வைப்பது என்று தீர்மானிப்பதுதான் கிதியோனின் வேலை. வாரக் கடைசியில் கிளைகளைக் கூட்டி வகுப்பாக்கி, வகுப்புகளைக் கூட்டி மேலே அனுப்புவார்கள். மேலே போகப் போக விவரம் கழன்றுகொண்டே போகும். பெயர் போகும், வயது போகும், வீடு போகும். சுகாதார அதிகாரியின் மேசைக்குப் போய்ச் சேரும்போது சந்துக்கு ஒரு வரிதான் மிஞ்சும்: பிளேக் உண்டு, அல்லது பிளேக் இல்லை.

இந்த ஒழுங்கு அவருக்கு ரொம்பப் பிடித்திருந்தது. பயந்தவர்களுக்கு எல்லாம் அதனதன் இடத்தில் இருந்தால் ஒரு நிம்மதி. வீட்டிலும் அதே கதைதான். முருங்கைக்காயைக் காய்கறிக் கூடையில் போடலாமா, மரத்தில் காய்ப்பதால் மாங்காயோடு வைக்கலாமா என்று யோசிப்பார். அவர் மனைவி டோரிஸ் அதை வாங்கிக் குழம்பில் போட்டுவிட்டு, “இப்ப எந்த வகுப்புன்னு சொல்லுங்க” என்பாள்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினொன்றில் பிளேக் வந்தது. ஒரு சந்தில் ஒரே ஒரு பிளேக் சாவு பதிவானாலும் அன்றைக்கே சந்து முழுவதையும் காலி செய்வார்கள். கூரை ஓட்டைப் பிரித்து வெயில் விடுவார்கள், சுவரெல்லாம் சுண்ணாம்பு அடிப்பார்கள், ஜனங்களை மாரெட்பள்ளிப் பக்கம் போட்டிருந்த தட்டிக் கொட்டகைகளுக்கு வண்டியில் ஏற்றுவார்கள். பிளேக்கைவிடக் கொட்டகைக்குத்தான் ஜனங்கள் அதிகம் பயந்தார்கள்.

பிளேக் வந்த மாதம் பதினோராம் தேதி காலையில் பத்மநாபன் ஆபீசுக்கு வந்தான். ரயில்வே பட்டறையில் பிட்டர். கிதியோன் குடியிருந்த சந்திலேயே நாலு வீடு தள்ளி இருந்தவன். அவன் தம்பி விடியற்காலையில் போய்விட்டான்.

“நெறி கட்டியிருந்துச்சா?” என்று கிதியோன் கேட்டார்.

பத்மநாபன் சுற்றிலும் பார்த்தான். “கக்கத்துல கட்டியிருந்துச்சு சார். எழுதிடாதீங்க. என் வீட்டுக்காரி கமலத்துக்கு இது நிறைமாசம். அந்தக் கொட்டகையில தரையில படுத்து எப்படிப் பெத்துக்குவா? உங்க கால்ல வேணா விழறேன்.”

உண்மையில் விழவும் குனிந்தான். கிதியோனுக்கு அதுவும் பயம்தான். யாராவது பார்த்துவிட்டால்? “எந்திரிப்பா, எந்திரி” என்று அவனைத் தூக்கிவிட்டு, சீட்டை ‘வேறு காய்ச்சல்’ கட்டுக்குள் செருகினார். ஒரே ஒரு சீட்டு. அந்தக் கட்டுதான் ஆபீசிலேயே தடித்த கட்டு. அதில் இன்னொன்று கூடினால் யாருக்குத் தெரியப்போகிறது?

தெரியவில்லைதான். ஆனால் ஏழாம் விதி என்று ஒன்று இருந்ததை அந்த நேரத்தில் அவர் மறந்துபோனார். இன்ன காய்ச்சல் என்று தெளிவில்லாத சாவு வந்தால், அந்தச் சந்தில் ஏற்கெனவே பிளேக் உண்டா என்று பார்க்க வேண்டும். உண்டென்றால் அதுவும் பிளேக். இல்லையென்றால் ‘வேறு காய்ச்சல்’.

இருபதாம் தேதி அதே சந்தில் துரைராஜ் செத்தான். மூன்று நாள் காய்ச்சல். சீட்டு தலைமைக் குமாஸ்தா அப்துல் ரஹீமிடம் போயிற்று. ஆற்காட்டுக்காரர், கறாரான மனிதர். அவர் பதிவைப் புரட்டினார், சந்துக்கு நேரே ‘பிளேக் இல்லை’ என்றிருப்பதைப் பார்த்தார், விதிப்படி சீட்டை ‘வேறு காய்ச்சல்’ கட்டுக்குள் வைத்தார். இருபத்திரண்டாம் தேதி அங்கேயே ஒரு கிழவர் போனார். அவரையும் அதிலேயே வைத்தார். ரஹீம் மேல் ஒரு தப்பும் இல்லை. கிதியோன் வைத்த ஒரு பொய்யை நம்பி அட்டவணை தானாகவே அடுத்தடுத்துப் பொய் சொல்ல ஆரம்பித்திருந்தது.

இரண்டு முறையும் கிதியோன் பக்கத்து மேசையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டுதான் இருந்தார். வேலை போய்விடும், ஜெயிலில் போடுவார்கள், சந்தே வந்து வீட்டைக் கொளுத்தும் என்று வரிசையாகத் தோன்றியது. வீட்டுக்குப் போகும்போது துரைராஜின் மனைவி தங்கம் வாசலில் இரண்டு பெண் பிள்ளைகளோடு உட்கார்ந்திருப்பாள். அவர் மறுபக்கச் சுவரை உரசிக்கொண்டு நடப்பார்.

இருபத்துநாலாம் தேதி காலையில் டோரிஸ் அடுப்படியில் உட்கார்ந்துவிட்டாள். “தலை இடிக்குதுங்க. குளிரா இருக்கு.”

கிதியோன் தொட்டுப் பார்த்தார். அவள் கை கொதித்தது. நோய். காய்ச்சல். குளிர்கிறது, ஆனால் உடம்பு உதறவில்லை, அதனால் மலேரியா இல்லை. இன்றைக்குத்தான் ஆரம்பம், அதற்குள் இத்தனை சூடு, அதனால் டைபாய்டு இல்லை. உடம்பில் கொப்புளம் இல்லை. இத்தனை வருஷம் முகம் தெரியாதவர்களை இறக்கிய படிகளில் டோரிஸ் ஒவ்வொன்றாக இறங்கிக்கொண்டிருந்தாள்.

“வேற எங்கயாவது வலிக்குதா?”

“தொடை இடுக்குல என்னமோ உருண்டையா இருக்கு. டாக்டர் கீக்டர் நக்கோங்க, வேணாம். கஷாயம் குடிச்சாச் சரியாயிடும்.”

கிதியோன் செருப்பு மாட்டவும் மறந்து தெருவில் இறங்கி ஓடினார். வழியில் ஒரு நாய் குரைத்தது. அதைக்கூட அவர் கவனிக்கவில்லை.

ஆபீசில் பதினோராம் தேதிக் கட்டை அவிழ்த்து, பத்மநாபன் தம்பியின் சீட்டை எடுத்து ரஹீமின் மேசையில் வைத்தார். “இது பிளேக் சார். தெரிஞ்சேதான் மாத்தி வெச்சேன்.”

ரஹீம் சீட்டைப் படித்தார். பிறகு தான் வைத்த இரண்டு சீட்டுகளையும் எடுத்து அதன் பக்கத்தில் அடுக்கினார். “இந்த ரெண்டையும் என் கையாலயே வெச்சேன் கிதியோன்” என்றார். “உன்னை என்ன பண்றதுன்னு அப்புறம் பாக்கறேன். முதல்ல வண்டி அனுப்பணும்.”

மத்தியானத்துக்குள் சந்து காலியாயிற்று. கமலத்துக்குக் கொட்டகையில்தான் பிரசவம் ஆயிற்று, தாயும் பிள்ளையும் நன்றாகவே இருந்தார்கள். அதைக் கேட்டபோது கிதியோனுக்கு அழுகைதான் வந்தது.

டோரிஸ் எட்டு நாள் பிதற்றினாள். எட்டு நாளும் அவர் கொட்டகையில் அவள் பாய்ப் பக்கத்தை விட்டு எழுந்திருக்கவில்லை. அவளுக்கு வேளாவேளைக்குக் கஞ்சி காய்ச்சிக் கொண்டுவந்தது தங்கம். பக்கத்துக் கொட்டகையில் இருந்தாள். “நீங்களும் ஒரு வாய் குடிங்கண்ணா, நீங்க விழுந்துட்டா அக்காவ யாரு பாக்கறது” என்பாள். அவர் அவள் முகத்தைப் பார்க்காமல் வாங்கி, அதையும் டோரிஸுக்கே ஊட்டுவார்.

ஒன்பதாம் நாள் கட்டி உடைந்தது, காய்ச்சல் இறங்கியது. டாக்டர் நாடி பார்த்து, பிழைத்துக்கொள்வாள் என்றார். கிதியோன் கடவுளே கடவுளே என்று முணுமுணுத்தார். டாக்டர் நோட்டை விரித்தார். “உங்க சந்துல முதல் கேஸ் என்னிக்கு?”

தங்கம் கஞ்சிப் பாத்திரத்தோடு அங்கேதான் நின்றிருந்தாள். இருபது என்று சொல்லிவிடலாமா என்று ஒரு கணம் நினைத்தார். திருத்திய சீட்டு ஆபீசில் இருந்தது.

“பதினொண்ணு” என்றார்.

டாக்டர் எழுதிக்கொண்டு அடுத்த பாய்க்குப் போனார். தங்கம் விரலை மடக்கி எண்ணினாள். “எங்க வீட்டுக்காரருக்குப் பதினேழாந்தேதிதான் காய்ச்சல் கண்டுச்சு. ஆறு நாளுக்கு முன்னாடியே உங்களுக்குத் தெரியுமாண்ணா?”

“தெரியும்மா.”

அவள் பாத்திரத்தைத் தரையில் வைத்துவிட்டு வெளியே போனாள். அதன்பின் அந்தக் கொட்டகைக்குள் அவள் வரவேயில்லை.

டோரிஸ் கண்ணைத் திறந்தபடி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு படுத்திருந்தாள். குரல் பாதிதான் வந்தது.

“நான் படுத்ததாலதான் போய்ச் சொன்னீங்களா? எனக்கு வரலைன்னா?”

கிதியோன் பாத்திரத்தை எடுத்து, கரண்டியால் கஞ்சியைக் கலக்கிக்கொண்டே இருந்தார். அவள் கேட்டதற்குப் பதில் அவருக்குத் தெரியும். சொல்லத்தான் பயமாக இருந்தது.