பாட்டிலில் இருந்த மிச்சம்

அவரை எல்லோரும் மூக்கர் என்றுதான் கூப்பிட்டார்கள். மூக்கு பெரியது என்பதால் அல்ல. அது சாதாரண மூக்கு, கொஞ்சம் சப்பை என்றுகூடச் சொல்லலாம். ஓடாத ஃப்ரிட்ஜ் ஒன்று ரிப்பேர் கடைக்குள் வந்தால் மற்ற மெக்கானிக்குகள் மீட்டரைத் தேடுவார்கள். இவர் குனிந்து அதன் முதுகுப்பக்கம் மோந்து பார்ப்பார். "மோட்டார் காயில் கருகிருச்சு" என்பார். இல்லாவிட்டால், "மெஷின்ல ஒண்ணும் இல்ல, உள்ள எலி செத்துக் கிடக்கு" என்பார். எது சொன்னாலும் அப்படியேதான் இருக்கும்.

அந்த மூக்கு சமையலுக்கும் உதவியது. ஒரு தடவை மாணவர் விடுதியில் கறி வைக்கும் குளிர்பெட்டியைச் சரிசெய்யப் போனார். அங்கே சமைக்கிற ஆள் ஒரு பன்னைப் பிளந்து, சாறு சொட்டச் சொட்ட மாட்டுக் கொத்துக்கறியை நடுவே அள்ளி வைத்து நீட்டினான். முதல் கடியிலேயே சட்டையெல்லாம் சாறு. இவர் சட்டையைப் பார்க்கவில்லை, கண்ணை மூடிக்கொண்டு மோந்தார். "வெங்காயம், பூண்டு, தக்காளி, வினிகர், ஒரு சிட்டிகை சர்க்கரை, கடுகு. இன்னொண்ணு இருக்கே, அது என்ன?" என்று கேட்டார். அவன் சிரித்துக்கொண்டே அலமாரிக்குப் பின்னாலிருந்து ரம் பாட்டிலை எடுத்துக் காட்டினான்.

அன்றிலிருந்து கடை ஆட்கள் கூடுகிற ஞாயிற்றுக்கிழமைகளில் மூக்கரின் பன் கறிதான். வருடத்துக்கு இரண்டு மூன்று தடவை அவர் வீட்டு முற்றத்தில் கூடுவார்கள். ஒரு பக்கம் சீட்டு, ஒரு பக்கம் பேச்சு, மடியில் காகிதத் தட்டு.

அப்போது அவர் குடித்துக்கொண்டிருந்தார். சட்டிக்குள் கால் பாட்டில் போனால் அவருக்குள் முக்கால் பாட்டில் போகும். நல்ல மனுசன், ஏதோ கெட்ட நேரம் என்று சிலர் பூசி மெழுகுவார்கள். நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். குடித்தார், அவ்வளவுதான். மகள் கல்யாணத்தன்று மாப்பிள்ளை வீட்டார் கண்ணெதிரே நாற்காலியோடு கவிழ்ந்தார். தூக்கி நிறுத்தியது மனைவியின் தம்பி. அவனும் அதே ரிப்பேர் கடையில்தான் வேலை. மூக்கரை எத்தனையோ நாள் தோளில் சாய்த்து வீட்டுக்குக் கொண்டுவந்தவனும் அவன்தான்.

மறுநாள் காலையில் மனைவி நிதானமாகச் சொன்னாள். அவள் ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில் படுக்கை விரிப்புக்கு இஸ்திரி போடுகிறவள், சூட்டில் நின்று நின்று கத்திப் பேசும் தெம்பெல்லாம் போய்விட்டது. "இனி ஒரு சொட்டு உள்ள போச்சுன்னா நான் பொண்ணு வீட்டுக்குப் போயிருவேன். சண்டை போட மாட்டேன், அழ மாட்டேன். போயிருவேன்."

மூக்கர் தலையாட்டினார். பக்கத்தில் நின்ற மச்சினன் அவர் கையைப் பிடித்துக்கொண்டான். "மாமா, நீங்க விட்டா நானும் விட்டேன். உங்களுக்குத் துணைக்கு." இரண்டு பேரும் ஒரே நாளில் விட்டார்கள். அதற்குப் பிறகு அவன் கல்யாணம் பண்ணி, பிள்ளை பெற்று, குடியை விட்டவன் என்று நல்ல பெயரும் எடுத்தான்.

பன் கறி மட்டும் நிற்கவில்லை. ஒரு தடவை ரம் இல்லாமல் செய்து பார்த்தார். எல்லோரும் சாப்பிட்டார்கள், ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை. சமைத்தவனுக்கு அதைவிட வேறு என்ன வேண்டும், செத்துப்போகலாம். மனைவிதான் வழி சொன்னாள். பாட்டிலை அவளே வாங்கி வருவாள். அரைத் தம்ளர் அளந்து அவளே சட்டியில் ஊற்றுவாள். மிச்சத்தை அவர் பார்க்க, தொட்டியில் கவிழ்த்துவிடுவாள். உப்புப் பார்ப்பதும் அவள்தான். மூக்கர் தான் சமைத்ததை ஒரு வாய் தின்பதில்லை. எல்லோரும் கறியை மொய்க்கும்போது அவர் ஓரமாக உட்கார்ந்து பன்னும் முட்டையும் சாப்பிடுவார். அதில் அவருக்கு வருத்தமே இல்லை. தன் வீட்டு அடுப்படியில் பாட்டில் நிற்கிறது, அதைப் பார்த்து மனைவியின் முகம் மாறவில்லை. அதுவே அவருக்குப் பெரிய சாப்பாடு. நாலு வருடம் இப்படி ஓடிற்று.

அந்த ஞாயிற்றுக்கிழமை சலவைக்கூடத்தில் ஒருத்தி வரவில்லை என்று மனைவியைக் காலையிலேயே கூப்பிட்டுவிட்டார்கள். கிளம்பும்போது பாட்டிலைத் தம்பி கையில் கொடுத்தாள்.

"நீ நின்னு ஊத்துடா. அரைத் தம்ளர். மிச்சத்தை அவர் எதிர்லயே கொட்டிரு."

"போக்கா, நான் பாத்துக்கிறேன்."

மூக்கர் பெரிய சட்டியில் வெங்காயத்தைச் சிவக்க விட்டு, கறியைப் போட்டு, கரண்டி முதுகால் உதிர்த்து உதிர்த்துக் கிளறினார். நீர் வற்றி நெய் பிரிந்தபோது மச்சினன் அரைத் தம்ளர் ஊற்றினான். புகை குப்பென்று எழுந்தது. பச்சை வாடை போய், சர்க்கரை கருகுவது போன்ற வாசனை வருகிறவரை மூக்கர் சட்டிமேல் முகத்தை வைத்தபடி நின்றார். பிறகு தக்காளியை ஊற்றித் தீயைக் குறைத்து, தோசைக்கல்லில் வெண்ணெய் தடவிப் பன்களைக் கவிழ்க்கத் திரும்பினார்.

"மிச்சம்?"

"கொட்டிட்டேன் மாமா. நீங்க பன்னைப் பாருங்க, கருகுது."

பன் கருகவில்லை. இருந்தாலும் அவர் பன்னைத்தான் பார்த்தார்.

கொஞ்ச நேரத்தில் கை கழுவப் பின்பக்கம் போனவருக்கு மூக்கில் சுருக்கென்றது. பச்சை ரம். வேகாத ரம். மச்சினன் துணி துவைக்கும் கல் பக்கமிருந்து வாயைத் துடைத்துக்கொண்டே வந்தான். மூக்கர் அவன் முகத்தைப் பார்த்தார். முற்றத்தில் அவன் மனைவி கைக்குழந்தையோடு உட்கார்ந்திருந்தாள். ஒரு நாள் சபலம், இதைப் போய் அவன் அக்காவிடம் சொல்லிக் குடும்பத்தைக் கலைப்பதா என்று நினைத்தார். தன்னை எத்தனை நாள் சுமந்தவன். பேசாமல் கையைக் கழுவிக்கொண்டு உள்ளே வந்தார். இதைச் சொல்லாமல் விட்டால் கதை நியாயமாக இருக்காது: அவனை அவர் முதலில் காப்பாற்றினார்.

கடை ஆட்கள் ஏழெட்டுப் பேர் வந்துவிட்டார்கள். முதலாளியும் வந்தார். கடையில் ஃப்ரிட்ஜ் கதவுக்குப் பெயின்ட் அடிக்கிறவன் மூன்றாவது பன்னைக் கேட்டான்.

"ரெண்டு கையும் சாறா இருக்கு, மூணாவதை எதால பிடிப்பே?" என்றார் முதலாளி.

"வாயால பிடிச்சுக்கிறேன், குடுங்க."

அந்தச் சிரிப்புக்கு நடுவில்தான் மனைவி பின்வாசல் வழியாக வந்தாள். கால் கழுவக் குனிந்தவள் கண்ணில் வாளிக்குப் பின்னால் ஒரு கோப்பை பட்டது. மூக்கர் டீ குடிக்கிற நீலக் கோப்பை. அடியில் ஒரு வாய் மிச்சம் இருந்தது. மோந்தாள். அவர் அளவுக்கு மூக்கு வேண்டியதில்லை, அதை யாரும் கண்டுபிடிக்கலாம்.

கோப்பையோடு அடுப்படிக்கு வந்தாள். மூக்கர் அங்கே முட்டை பொரித்துக்கொண்டிருந்தார். மச்சினன் வாசற்படியில் நின்று பன்னைத் தின்றுகொண்டிருந்தான்.

"இது என்ன?" என்றாள்.

மூக்கர் மச்சினனைப் பார்த்தார். 'நான்தான்க்கா' என்று அவன் சொல்வான், பிறகு தான் சமாதானம் பேசலாம் என்று காத்திருந்தார். அவன் வாயிலிருந்ததை விழுங்கினான். முற்றத்தில் இருந்த தன் மனைவியை ஒரு தடவை திரும்பிப் பார்த்தான். பிறகு அக்காவின் தோளைத் தொட்டு, மெதுவாக, ஆனால் முற்றத்துக்குக் கேட்கிற மாதிரி சொன்னான்.

"விடுக்கா. பெரிசு பண்ணாத. அவரும் மனுசன்தானே, நாலு வருசம் அடக்கிட்டாரு. என் தப்பு, நான் கண்ணு எடுத்திருக்கக் கூடாது."

முதலாளி தட்டைப் பார்த்தார். பெயின்ட் அடிக்கிறவன் பாவம் என்கிற மாதிரி உச்சுக் கொட்டினான். அந்த உச்சு மூக்கருக்கு முதுகில் அடித்த மாதிரி இருந்தது. வெறுமனே பொய் சொல்லியிருந்தால்கூடப் பொறுத்திருப்பார். இவன் மன்னித்தான். தான் செய்ததற்கு அவரை மன்னித்தான்.

"சொல்லுங்க" என்றாள் மனைவி.

நாலு வருடம் வாயால் சொல்லாமல் இருந்து காட்டியதை இப்போது எந்த வார்த்தையால் சொல்வது. அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். நீயே சொல் என்பது போல.

குடியை விட்ட புதிதில், வேலை முடிந்து அவர் வாசலுக்கு வந்ததும் அவள் 'ஊதுங்க' என்பாள். தினமும் ஊதிவிட்டுத்தான் செருப்பைக் கழற்றுவார். இரண்டு வருடம் கழித்து ஒரு நாள் அவள் கேட்க மறந்தாள். அதற்குப் பிறகு கேட்கவே இல்லை. அந்த நாளை அவர் யாரிடமும் சொல்லாமல் மனதில் வைத்திருந்தார்.

அவள் கிட்டே வந்தாள். "ஊதுங்க."

அத்தனை பேர் பார்க்க, கையில் முட்டைக் கரண்டியோடு, வாயைத் திறந்து ஊதினார்.

டீ வாடை. அதைத் தவிர ஒன்றும் இல்லை. அவளை விட்டால், அந்த வீட்டில் அன்று ரம் வாடை அடிக்காத வாய் அவருடையது ஒன்றுதான். மற்ற எல்லோர் வாயிலும் கறி இருந்தது. அவளுக்கு அது உறைக்க ஒரு நொடிதான் ஆயிற்று. காலையில் பாட்டிலை வாங்கிக்கொண்ட தம்பியைத் திரும்பிப் பார்த்தாள். அவன் கையில் பாதிப் பன் இருந்தது, சாறு மணிக்கட்டு வழியாக முழங்கைக்கு ஓடிக்கொண்டிருந்தது.

"உன் பொண்டாட்டியைக் கூட்டிக்கிட்டுக் கிளம்பு" என்றாள். "இந்த வாசல்ல இனி நீ ஏற வேண்டாம்."

"அக்கா, ஒரு வாய்தான்க்கா."

"நான் ரம்மைச் சொல்லல."

எல்லோரும் போன பிறகு அவள் சட்டியைத் தேய்த்தாள். தேய்த்துக்கொண்டே, "நீங்க ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல" என்றாள்.

"நீயும் கேட்டிருக்கலாம்."

"கேட்டேனே. சொல்லுங்கன்னு சொன்னேனே."

"அதுக்கப்புறம் என்னை நம்பாம என் வாயைக் கேட்டே."

அவள் தேய்ப்பதை நிறுத்தினாள். "தப்புதான்" என்றாள். இத்தனை வருடத்தில் அவள் அந்தச் சொல்லைச் சொல்லி அவர் கேட்டதில்லை. கேட்டும் அவருக்கு ஆறவில்லை. ஆறிவிட்டது என்று சொன்னால் உங்களுக்கு நன்றாக இருக்கும், ஆனால் ஆறவில்லை.

திங்கட்கிழமை மூன்றாவது மாடிக்கு ஒரு இரட்டைக் கதவு ஃப்ரிட்ஜை ஏற்ற வேண்டியிருந்தது. இந்த வேலை எப்போதும் மாமனுக்கும் மச்சினனுக்கும்தான். மூக்கர் கீழே நின்று எடையைத் தாங்குவார், மச்சினன் மேலே நின்று கயிற்றைப் பிடிப்பான். மேலே இருப்பவன் கை நழுவினால் கீழே இருப்பவன் காலி. மச்சினன் கயிற்றைத் தோளில் போட்டுக்கொண்டு வேன் அருகே நின்றான். கண் வீங்கியிருந்தது.

"மாமா, போலாமா?"

மூக்கர் அவனைத் தாண்டி முதலாளியிடம் போனார். "எனக்கு வேற ஆளைக் குடுங்க."

"ஏன்?"

"உயரம் ஒத்து வரல."

முதலாளி எல்லாவற்றையும் தன் கண்ணால் பார்த்தவர்தான். இருந்தாலும் நல்லது பண்ணுகிற நினைப்பில், "இத்தனை வருசமா ஒத்து வந்துச்சே" என்றார்.

"வந்த மாதிரி இருந்துச்சு" என்று சொல்லிவிட்டு மூக்கர், பெயின்ட் அடிக்கிறவனைக் கைகாட்டிக் கூப்பிட்டு, கயிற்றை எப்படிச் சுற்றிப் பிடிப்பது என்று முதலிலிருந்து சொல்லிக் கொடுக்க ஆரம்பித்தார்.