அக்கா வாங்காத சொலேஷியம்

மலாயாவில் செனாய்க்கு அப்பால் இருந்த ஒரு ரப்பர்த் தோட்டத்தின் ஆபீஸில் நான் சின்னக் கிராணியாக, அதாவது கணக்கெழுதும் குமாஸ்தாவாக இருந்தேன். மிஷன் பள்ளியில் படித்த கொஞ்சம் இங்கிலீஷ்தான் எனக்கு அந்த நாற்காலியை வாங்கிக் கொடுத்தது. அம்மாவும் அக்காவும் கூலிகள் குடியிருக்கும் லயத்தில் இருந்தார்கள். அம்மா பால்மரம் வெட்டினாள்; ரப்பர் மரத்தைக் கீறிப் பால் எடுக்கும் வேலை. அக்கா ஸ்டோரில், அதாவது பாலை உறையவைத்துத் தகடாக்கும் கொட்டகையில், மிஷினுக்கு முன்னால் நின்றாள்.

அந்த மிஷினின் பக்கத்தில் இரண்டு பற்சக்கரங்கள் ஒன்றையொன்று கவ்விச் சுற்றும். அவற்றின்மேல் ஓர் இரும்பு மூடி இருக்கும். எண்ணெய் விடும்போதெல்லாம் அதைக் கழற்றி மாட்ட வேண்டியிருந்ததால் வேலை தாமதமாகிறது என்று, தோட்டத்தை நடத்திய வெள்ளைக்காரத் துரை ஒருநாள் அதைக் கழற்றிப் போடச் சொன்னார். "திரும்ப மாட்ட வேணாம்" என்று அவர் சொன்னதை ஸ்டோரில் இருந்த எல்லோரும் கேட்டோம். மூடி ஒரு மூலையில் கிடந்து துருப்பிடித்தது.

அக்காவுக்கு அப்போது இருபது வயது. கங்காணி வீட்டுப் பையனுக்கு அவளை நிச்சயம் செய்திருந்தோம். வாய் அடங்காதவள், சிரிப்பும் அடங்காதவள். மழைக்காலத்தில் ஒரு காலை, நழுவிய தகட்டைப் பிடிக்கப் போனவளின் வலது கையைச் சக்கரம் இழுத்துக்கொண்டது. ஜொகூர் பாரு ஆஸ்பத்திரியில் மணிக்கட்டோடு எடுத்துவிட்டார்கள். அவள் திரும்பி வந்தபோது கங்காணி வீட்டார் நிச்சயத் தட்டைத் திருப்பி அனுப்பியிருந்தார்கள். அம்மா அந்தத் தட்டை வாசலிலேயே விட்டெறிந்தாள்.

அதற்குப் பிறகுதான் அந்தச் சொல் வந்தது. பெரிய கிராணி, ஆபீஸில் எனக்கு மேலே இருந்தவர், என்னைக் கூப்பிட்டுக் குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

"உங்க அக்காவுக்குத் தொரை சொலேஷியம் தரச் சொல்லியிருக்காரு."

"அப்படின்னா என்னங்க சார்?"

"ஆறுதல் காசுப்பா. நஷ்ட ஈடு இல்ல. நஷ்ட ஈடுன்னா தப்பை ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும். இது அவரா மனசு எரங்கிக் குடுக்கிறது. பொண்ணு கவனமில்லாம கைய விட்டுச்சு, யார் மேலயும் குத்தமில்லைன்னு ஒரு கைநாட்டு வெச்சிட்டா போதும்."

அக்காவை ஆபீஸ் வாசலுக்கு வரச் சொன்னார்கள். கட்டுப் போட்ட கையை மார்போடு அணைத்துக்கொண்டு வந்து நின்றாள். துரை உள்ளே மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்து பைப்பை நிரப்பிக்கொண்டிருந்தார். பெரிய கிராணி தாளை நீட்டி, மைப்பெட்டியைத் திறந்தார்.

"கைநாட்டு வெய்யும்மா."

"வெக்கிற கையத்தான் உங்க மிஷின் தின்னுடுச்சே" என்றாள் அக்கா.

"இடது கை வெச்சாலும் செல்லும்."

"இது எனக்கு வேணும்" என்று சொல்லி இடது கையை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டாள். பிறகு அவரைத் தாண்டித் துரையைப் பார்த்துக் கேட்டாள். "ஆறுதல் காசுன்னு சொல்றாங்க. யாரு தொரை ஆறணும்? எனக்கு ஆறல. உங்களுக்கு ஆறணும்னா நீங்களே வெச்சுக்கோங்க."

துரைக்குத் தமிழ் நன்றாகப் புரியும். தோட்டத்துத் துரைகள் எல்லோரும் கூலிகளை ஏசுவதற்கென்றே தமிழ் படித்தவர்கள். அவர் பைப்பைக் கடித்தபடி, "ரெண்டு நாள்ல வருவா" என்று பெரிய கிராணியிடம் சொன்னார். அவள் போகவில்லை.

லயத்தில் அந்தச் சொல்லை யாராலும் ஒழுங்காகச் சொல்ல முடியவில்லை. சொலேஷியம் சலேசியமாகி, பிறகு வெறும் சலேசி ஆனது. கள்ளுக்கடைக்காரன் பாதிக் குவளை தண்ணீர் கலந்து கொடுத்துவிட்டு ஒரு வறுத்த கருவாட்டை மேலே வைத்தால், "சலேசி வெக்கிறான் பாரு" என்றார்கள். கங்காணி ஒருவனைப் பிரம்பால் அடித்துவிட்டு மறுநாள் சுருட்டு நீட்டியபோது, அடிபட்டவன் அதைத் தரையில் போட்டு மிதித்து, "ஒன் சலேசிய நீயே குடி" என்றான். புருஷன் குடித்துவிட்டு வந்து அடித்து, விடிந்ததும் பூ வாங்கி வந்தால் அதுவும் சலேசி. ஒருவன் செய்ததை இன்னொருவன் கேட்கக்கூடாது என்பதற்காகக் கொடுப்பது எதுவோ அதுவே அதன் பொருள் என்று, அகராதி பார்க்காமலே எங்கள் ஜனங்கள் முடிவு செய்துவிட்டார்கள்.

எனக்கு அகராதிப் பொருளும் தெரிய வேண்டியிருந்தது. வெறி அப்படி. ஆபீஸ் வேலையாக ஜொகூர் பாருவுக்குப் போனபோது, ஒரு வக்கீலிடம் குமாஸ்தாவாக இருந்த யாழ்ப்பாணத்துக்காரரைத் தேடிப் போனேன். கோயிலில் பார்த்துப் பழக்கம். அவர் கேட்டுவிட்டு மெதுவாகச் சிரித்தார்.

"அது லத்தீன் சொல் தம்பி. ஆறுதல் சொல்லுறது எண்ட அர்த்தத்தில இருந்து வந்தது. உங்கட துரை எந்த ஊர்?"

"ஸ்காட்லாந்துன்னு சொல்வாங்க."

"அதுதானே பார்த்தன். அவன்ர ஊர்ச் சட்டத்தில அது தருமமில்லை. ஒருத்தன்ர பிழையால உனக்கு நோவும் மனவேதனையும் வந்தால், கோர்ட்டில நீ உரிமையோட கேட்டு வாங்குற காசுக்குத்தான் அங்க அந்தப் பேர். கப்பலேறி இங்க வந்த உடனே அதைப் பிச்சை ஆக்கிப்போட்டான்."

"கேஸ் போடலாமா?"

"கேஸுக்கு உன்னட்டக் காசு இருக்கா? இல்லை. ஆனால் உன்ர அக்கா ஒப்பம் வைக்கேல்லை எண்டால் அவனுக்குத்தான் கரைச்சல். கவர்ன்மென்டின்ர லேபர் ஆபீஸுக்கு முறைப்பாடு சொல்ல எப்ப போவாளோ எண்டு அவன் யோசிச்சுக்கொண்டே இருக்க வேணும். விடு, யோசிக்கட்டும்."

இதை வந்து சொன்னபோது அக்கா என் எதிரே வந்து உட்கார்ந்தாள். பிறகு, "அவன் ஊர்ல நான் கேட்டா குடுத்தே ஆவணுமா?" என்று மறுபடி ஒருமுறை கேட்டாள். ஆமாம் என்றேன். "இங்க நான் கும்பிட்டு வாங்கணும்" என்றாள். அன்று அவள் கண்ணில் பார்த்ததை இன்றும் என்னால் மறக்க முடியவில்லை. அழுகை இல்லை. பசித்தவள் சோற்றைப் பார்ப்பது போன்ற பார்வை.

மறுநாள் விடியற்காலைப் பெரட்டுக்கு, அதாவது ஆட்களை வரிசையில் நிறுத்திப் பேர் கூப்பிடும் இடத்துக்கு, அக்கா வந்தாள். முன் வரிசையில், துரை நிற்கும் இடத்துக்கு நேர் எதிரே நின்று, முந்தானைக்குள் மறைத்து வைத்திருந்த, மணிக்கட்டோடு போன கையை வெளியே எடுத்துத் தொங்கவிட்டாள். பேர் கூப்பிட்டு முடிந்ததும் புல்வெட்டுக்குப் போனாள். இடது கையால் அரிவாள் பிடிக்கக் கற்றுக்கொண்டிருந்தாள். அதற்கடுத்த நாளும் வந்தாள். மழையிலும் வந்தாள். தீபாவளிக்குத் துரைக்கு மாலை போடும் சடங்கிலும் வரிசைக்கு முன்னால் நின்றாள். அவளை விரட்டினால் நேரே லேபர் ஆபீஸுக்குப் போவாள் என்று துரைக்குத் தெரியும். காசைக் கூட்டித் தருவதாகப் பெரிய கிராணியை அனுப்பினார். "இன்னும் ஆறலைன்னு சொல்லுங்க" என்று திருப்பி அனுப்பினாள். மறுபடியும் கூட்டினார். அதே பதில்.

சில மாதங்களில் துரை பெரட்டுக்கு வருவதையே நிறுத்திக்கொண்டு தனக்குக் கீழே இருந்த சின்னத் துரையை அனுப்பினார். அக்கா தயங்கவில்லை. பங்களாவிலிருந்து ஸ்டோருக்குப் போகும் பாதையோரத்தில் தன் புல்வெட்டை மாற்றி வாங்கிக்கொண்டாள். துரை காரில் போனாலும் வந்தாலும் அவள் நிமிர்ந்து நின்று அந்தக் கையைக் காட்டினாள். கார்க் கண்ணாடியை ஏற்றிவிட்டு, அந்த வெயிலில் வேர்த்துக்கொண்டு அவர் போவதைப் பார்த்து லயமே சிரித்தது. அம்மா மட்டும், "போதும்டி" என்று ஒருமுறை சொன்னாள். "உனக்குப் போதும்மா" என்றாள் அக்கா.

கம்பெனி ஏஜென்ட் சிங்கப்பூரிலிருந்து தோட்டம் பார்க்க வந்த நாளில் எனக்கும் ஒரு வாய்ப்புக் கிடைத்தது. துரை, ஏஜென்ட், பெரிய கிராணி, நான் எல்லோரும் ஸ்டோருக்குள் போனோம். அக்காவுக்கு இப்போது அங்கே வேலை இல்லை. ஆனால் மிஷினுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள். ஏஜென்ட் அவள் கையைப் பார்த்து யார் என்று கேட்டார். புத்தி சரியில்லாத பெண், கவனமில்லாமல் கையை விட்டவள் என்றார் துரை. அக்கா உடனே மூலையில் கிடந்த துருப்பிடித்த மூடியைக் காலால் தள்ளி ஏஜென்ட் முன்னால் கொண்டுவந்து போட்டு, தமிழில் பேச ஆரம்பித்தாள்.

"என்ன சொல்கிறாள்?" என்று ஏஜென்ட் என்னைப் பார்த்தார்.

துரையும் என்னைப் பார்த்தார். அவர் கண் சொன்னது எனக்கு நன்றாகப் புரிந்தது. நான் ஏஜென்டின் முகத்தைப் பார்த்து, இந்த மூடியைக் கழற்றச் சொன்னது யார், கழற்றிய பிறகு என்ன ஆனது, என்ன தாளில் கைநாட்டுக் கேட்டார்கள் என்று அக்கா சொன்ன ஒவ்வொன்றையும் ஒரு சொல் விடாமல் இங்கிலீஷில் சொன்னேன். வாழ்க்கையில் அப்படியொரு இனிப்பை என் நாக்கு அறிந்ததில்லை.

ஏஜென்ட் துரையை வெளியே கூட்டிப்போய்ப் பேசினார். மூடி அன்று மாலையே மிஷினில் ஏறியது. என்னை ஆபீஸிலிருந்து எடுத்து, பால் நிறுக்கும் கொட்டகைக்குத் தள்ளினார் துரை. அங்கே மழை ஒழுகும். எனக்கு அது ஒரு தண்டனையாகவே தெரியவில்லை.

சில வருஷம் கழித்து ரப்பர் விலை விழுந்தது. எல்லாத் தோட்டங்களிலும் ஆட்களைக் குறைத்தார்கள். ஊருக்குக் கப்பலேற்றிவிடப்பட்டவர்கள் எத்தனையோ பேர். எங்கள் லயத்தில் பாதி வீடு பூட்டிக் கிடந்தது. ஒருநாள் பெரிய கிராணி பால் கொட்டகைக்கே நடந்து வந்தார். அவருக்கும் வேலை போயிருந்தது. இருந்தும் அவர் முகத்தில் ஒரு சிரிப்பு ஒட்டிக்கொண்டிருந்தது.

"தொரையையும் நிப்பாட்டிட்டாங்கப்பா. மூடி விஷயம் மேல போயிருந்துச்சு. ஆளைக் கொறைக்கணும்னு வந்தப்ப முதல் பேரு இவருதான். போனாப் போவுதுன்னு கொஞ்சம் காசு குடுத்திருக்காங்க. கம்பெனி அதுக்கு என்ன பேரு வெச்சிருக்கு தெரியுமா?"

அவர் சொல்லாமலே எனக்குத் தெரிந்தது.

அக்காவிடம் ஓடினேன். கேட்டதும் அவள் அரிவாளைக் கீழே போட்டுவிட்டு, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். கை போன பிறகு அவள் அப்படிச் சிரித்து நான் கேட்டதில்லை.

பங்களாச் சாமான்களை விற்ற நாளில், செனாய்க் கடைக்காரச் சீனர்கள் வந்து நாற்காலியையும் கிராமபோனையும் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். துரை வாசற்படியில் தனியாக நின்றார். அக்கா நல்ல சேலை கட்டிக்கொண்டு, என்னையும் கூட்டிக்கொண்டு, நேரே அவரிடம் போனாள். அத்தனை வருஷமாக நான் ஓர் இங்கிலீஷ் வாக்கியத்தை அவருக்கென்று மனத்துக்குள் செதுக்கி வைத்திருந்தேன். அன்று அதற்குத் தேவையே வரவில்லை.

"தொரைக்கும் சலேசி குடுத்தாங்களாமே?" என்றாள்.

அவர் முகம் சிவந்தது. "அது வேற. நான் இங்க பதினஞ்சு வருஷம் வேல செஞ்சது. அந்தக் காசு பத்துமா?"

கேட்ட பிறகுதான் யாரிடம் கேட்டோம் என்று அவருக்கு உறைத்தது போலிருந்தது.

"பத்தாதுதான் தொரை" என்றாள் அக்கா, நிஜமாகவே ஒத்துக்கொள்வது போல. "உங்களுக்குப் பதினஞ்சு வருஷ வேலை. எனக்கு இருவது வருஷக் கை."

துரை அந்தக் கையையே பார்த்தார். அத்தனை காலத்தில் அவர் முகம் திருப்பாமல் அதைப் பார்த்தது அன்றுதான். பிறகு, ஏளனமா கெஞ்சலா என்று எனக்குத் தெரியாத ஒரு குரலில் கேட்டார். "இப்ப ஒனக்கு ஆறிப்போச்சா?"

"கொஞ்சம். நீங்க கப்பலேறினா இன்னும் கொஞ்சம் ஆறும்."

அவள் திரும்பி நடந்தாள். நான் நின்று அவரை இன்னொரு தரம் பார்த்துவிட்டுத்தான் போனேன். பழிவாங்கினால் மனம் வெறுமையாகிவிடும் என்று பெரியவர்கள் சொல்வார்கள். எனக்கு அப்படி எதுவும் ஆகவில்லை. அன்று இரண்டு தட்டுச் சோறு சாப்பிட்டேன்.

தோட்டத்தில் எங்களுக்கும் வேலை இல்லாமல் போய், பெக்கான் நானாஸ் பக்கம் அன்னாசித் தோட்டத்துக்குக் குடிபோனோம். அக்கா அங்கே பழம் பொறுக்கும் பெண்களுக்குத் தலைமையாக இருந்தாள். கூடை தூக்கும் ஒருவர், மனைவியை இழந்தவர், அவளைப் பெண் கேட்டு எங்கள் வீட்டுக்கு வந்தார். அம்மா வாயெல்லாம் பல்லாக நின்றாள். அக்கா அவரைத் திண்டாட வைத்தாள்.

"பரிதாபப்பட்டு வந்தீங்களா?"

"ஐயையோ, இல்லைங்க. ஒங்க வாய்க்குப் பயந்துக்கிட்டேதான் வந்தேன். மூணு மாசமா வரணும்னு பாக்கிறேன், தைரியம் இல்ல."

அக்கா அவரைக் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தாள். பிறகு அம்மாவிடம், "காப்பி போடு" என்றாள்.