இடது கூடையில் போன எலும்புகள்

‘செவ்வாய். கொழுந்து குறைவு. வாடல் சுமார். மாலையில் கல் மூட்டை ஆறு வந்தது. பழைய குச்சி அறையில் இறக்கினோம்.’

என் வேலைக் குறிப்பில் அன்றைக்கு இவ்வளவுதான் எழுதியிருக்கிறேன். ஆடிப் பூசைக்கு அடுத்த செவ்வாய் அது. வருடத்தையும் சேர்த்து எழுதத்தான் கை வருகிறது. ஆனால் வருடத்தைப் போட்டால் தோட்டம் எதுவென்று கொட்டகலைப் பக்கம் பாதிப் பேருக்குத் தெரிந்துவிடும். ஆகவே கிழமையோடு நிறுத்திக்கொள்கிறேன். அப்போது நான் அங்கே டீமேக்கர், தேயிலைத் தயாரிப்புக்குப் பொறுப்பானவன். இன்று தேயிலைத் தொழிற்சாலையில் புதிதாக வேலைக்குச் சேர்கிற தம்பி தங்கைகளுக்காக இதை எழுதுகிறேன்.

1. குச்சி அறைக்கு வந்த வேலை

எங்கள் ஆட்கள் தொழிற்சாலையை ஸ்டோர் என்பார்கள். ஸ்டோரில் தூளைச் சலித்த பிறகும் அதில் காம்பும் நாரும் தங்கிவிடும். அவற்றைக் கையால் பிரிப்பதுதான் குச்சி பொறுக்குவது. குச்சி அறையில் நீண்ட மேசையில் தூளைப் பரப்பி, பெண்கள் இரண்டு பக்கமும் உட்கார்ந்து பொறுக்குவார்கள். நல்ல தூள் வலது பக்கத் தட்டில் நிற்கும். வெளிறிய குச்சி இடது பக்கக் கூடைக்குப் போகும். நான் வேலைக்கு வருவதற்கு முன்பிருந்தே அந்த வலதும் இடதும் மாறியதில்லை.

கலர் சோட்டர் வந்ததும் அந்த அறை வெறிச்சோடியது. நிறத்தைப் பார்த்துக் குச்சியைத் தானே ஊதித் தள்ளுகிற மெஷின் அது. அதன் பிறகும் மெஷின் தவறவிடுகிற மட்டத் தூளுக்காக மூன்று பெண்கள் மட்டும் காலையில் ஸ்டோருக்குள்ளேயே அரை நேரம் உட்கார்ந்தார்கள். அவர்களில் மூத்தவர் செல்லம்மா. அவர் கை ஓடுவதைப் பார்த்தால் நமக்குக் கண் வலிக்கும்.

தர்ஷினி வந்தது அந்த நாட்களில்தான். கொட்டகலைப் பிள்ளை. கெம்பஸில் பட்டம் முடித்து, மேற்கொண்டு ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தாள். இரத்தினபுரிப் பக்கம் மாணிக்கக் குழி தோண்டுகிறவர்கள் களிமண்ணுக்கும் அடியில் ஒரு சரளைப் படுகையைத் தேடிப் போவார்கள். அதற்கு அவர்கள் சொல்லும் பெயர் இல்லம். கல் கிடைப்பது அதில்தான். கல்லோடு கூட, என்றோ செத்த மிருகங்களின் எலும்பும் பல்லும், மேலே உள்ள கறுப்புக் களியில் இலையும் விதையும் கிடைக்கும். இந்த இலங்கையில் ஒரு காலத்தில் நீர்யானையும் காண்டாமிருகமும் சிங்கமும் திரிந்தன என்பது அந்தப் படுகையிலிருந்துதான் தெரிய வந்தது என்று நான் படித்திருந்தேன்.

“பெரிய மிருகத்தையெல்லாம் முந்தியே பாத்துட்டாங்கய்யா. நான் தேடுறது எலி, தவள, மீன். அதுகதான் அப்ப மழை எப்புடி, காடு எப்புடின்னு சொல்லும். ஆனா எல்லாம் அரிசி நொய்யி மாதிரி இருக்கும். கெம்பசுல ரெண்டு பேரு ஒரு மாசம் உக்காந்தும் அரை மூட்டை தாண்டல. செல்லம்மா அக்கா கை இருந்தா முடிஞ்சிரும்,” என்றாள்.

“அதுக்கு அவ்வளவு தூரத்துலேருந்து சொமந்துக்கிட்டு வரணுமா? நம்ம மலையில இல்லாத கல்லா?”

“நம்ம மலைக் கல்லு பூமிக்குள்ள வெந்து, நசுங்கி, உருமாறி வந்த கல்லுய்யா. ட்ரையர்ல போய் வந்த கொழுந்துல பூச்சிய உசுரோட தேடுவீங்களா?”

எனக்குப் புரிகிற பாஷையில் சொன்னாள்.

தோட்டத்து மேனேஜரான தொரையிடம் அனுமதி கேட்டேன். ஒரே ஒரு நிபந்தனை போட்டார். “டீமேக்கர், நம்ம தூளோட ஒரு மணல் சேந்தாலும் எனக்கு வேலை போகும். அதுக்கு முந்தி ஒங்களுக்குப் போகும். வெளிய இருக்க பழைய ரூம்ல செய்யுங்க.”

பழைய குச்சி அறை பிரதான கட்டடத்துக்கு வெளியே தனியாக இருந்தது. அதை ஒட்டிக் கழிவுத் தூள் அறை. அதற்குள் நாங்கள் கைவிட்ட பழைய வினோவர் ஒன்றும் கிடந்தது. தூளைக் காற்றால் பிரிக்கிற மெஷின் அது.

கழுவிச் சலித்துக் காயவைத்த சரளையை மூட்டைகளில் கட்டி, லொறியில் கினிகத்தேனை வழியாக ஏற்றிக்கொண்டு வந்தார்கள். குழிக்காரர்கள் அதற்குள் குழியை மூடிவிட்டார்கள். மழையில் அந்த இடமே தண்ணீர். ஆகவே தர்ஷினியிடம் இருந்தது இந்த ஆறு மூட்டைதான். இன்னொரு தரம் அள்ள முடியாது.

2. “எந்த எலும்பு?”

முதல் நாளான புதன்கிழமை தர்ஷினி கூடவே உட்கார்ந்து காட்டிக்கொடுத்தாள். எலும்பு தேங்காய் நார் நிறத்தில் இருந்தது. கல் கறுப்பும் சிவப்புமாக இருந்தது. செல்லம்மாவுக்கு அதற்கு மேல் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

“இத்தன வருசம் குச்சி பொறுக்கினேன், இப்ப எலிப் பல்லு பொறுக்குறேன். பதவி ஒசந்துருச்சு,” என்றார்.

ஸ்டோர் கூட்டிக் கழிவு அள்ளுகிற முத்தையா வாசலில் நின்றபடி, “எலிப் பல்லுதானா? எங்க லயத்துக்கு வாங்க தங்கச்சி, எலியோடவே தர்றேன்,” என்றான்.

“ஒங்க லயத்து எலி இன்னும் செத்துக் கல்லாகலியே, அண்ணே.”

“நாங்க என்ன செய்யறது, சாக மாட்டேங்குது.”

அன்று மாலை தர்ஷினி கிடைத்ததையெல்லாம் சின்னக் குப்பிகளில் போட்டு எடுத்துக்கொண்டு கெம்பஸுக்குப் போனாள். வெள்ளிக்கிழமை வருவதாகச் சொல்லியிருந்தாள். பெண்கள் வியாழன் முழுவதும் வேலை செய்து, மூன்று மூட்டையை முடித்துவிட்டார்கள்.

வெள்ளி காலை அவள் வந்தபோது நானும் கூடப் போனேன். வலது பக்கத் தட்டுகளில் கல் சுத்தமாகக் குவிந்திருந்தது. இடது பக்கக் கூடைகள் வெறுமையாக இருந்தன.

“எலும்பு எங்கக்கா?” என்று கேட்டாள்.

“கூடையில தான் போட்டோம், புள்ள. நெறஞ்சு கெடந்துச்சே,” என்ற செல்லம்மா கூடையைக் கவிழ்த்துப் பார்த்தார்.

அதற்குள் முத்தையா அடுத்த அறையிலிருந்து எட்டிப் பார்த்தான். கையில் கழிவு அள்ளுகிற சவள் இருந்தது. “எந்த எலும்பு? அந்தக் கூடையில கெடந்த குச்சியையா கேக்குறீங்க? அத நேத்து சாயங்காலமே கழிவுல கொட்டிட்டேனே.”

அவன் தினமும் செய்கிற வேலை அது. மாலையில் இடது பக்கக் கூடை எதுவாயிருந்தாலும் கழிவு மூட்டைக்குப் போகும். பெண்களும் தினமும் செய்கிறபடிதான் செய்திருந்தார்கள். வெளிறியது இடது பக்கம். ஒருவர் மேலும் பிழை சொல்ல வழியில்லை.

எனக்கு இன்னொன்று உறைத்தது. கழிவுத் தூளை யாரும் மறுபடி நல்ல தூளாக விற்றுவிடக் கூடாது என்பதற்காக, ஏற்றுவதற்கு முன் சுண்ணாம்பைக் கலந்து தண்ணீர் தெளித்துக் கெடுத்துவிடுவோம். வெள்ளிக்கிழமை அந்த வேலைக்கான நாள்.

“முத்தையா, சுண்ணாம்பு போட்டுட்டியா?”

“பைய இப்பத்தான் பிரிச்சேங்க. தங்கச்சி வந்த சத்தம் கேட்டுத்தான் வந்தேன்.”

தர்ஷினி பழைய தராசுத் தட்டின் மேல் உட்கார்ந்துவிட்டாள். அழவில்லை. “மூணு மூட்டை. என் வேலையில பாதி,” என்று மட்டும் சொன்னாள்.

3. நெத்தலி முள்

கழிவு அறையில் முத்தையா அந்த மூட்டைகளை அடையாளம் காட்டினான். நாரும் பஞ்சும் தூசியும் கலந்து கிடந்த கழிவுக்குள் எலும்புத் துண்டுகள். எலும்பும் குச்சியும் ஒரே நிறம். கையால் பொறுக்க முடியாது என்று செல்லம்மாவே சொல்லிவிட்டார்.

விஷயம் கேட்டு வந்த தொரை, “கலர் சோட்டர்ல போட்டுப் பாப்பமா?” என்றார்.

“ரெண்டும் ஒரே கலர், சேர். மெஷின் ஏமாந்துரும். அதோட ஒங்க மணல் கதையும் இருக்கு.”

“ஆமா, ஆமா, வேணாம்,” என்று அவசரமாகக் கையை ஆட்டினார்.

தர்ஷினி தண்ணீரில் போடலாம் என்றாள். குச்சி மிதக்கும், எலும்பு அமிழும். ஆனால் கழிவுப் பஞ்சு நனைந்தால் ஊறிக் களியாகி, எல்லாவற்றையும் சேர்த்து இழுத்துக்கொள்ளும் என்று எனக்குப் பயம். செல்லம்மா மூலையில் கிடந்த வினோவரைப் பார்த்தார்.

“ஊதிப் பாத்தா என்னங்க?”

“எலும்பும் லேசாத்தானே இருக்கும், பறந்துறாதா?” என்றேன்.

தர்ஷினி எழுந்துவிட்டாள். “இல்லய்யா. இது வெறும் எலும்பில்ல, கல்லாயிருச்சு. எலும்போட ஓட்டையிலெல்லாம் தாது ஏறியிருக்கு. குச்சிய விடக் கனம்.”

தொரை வினோவரைத் தட்டிப் பார்த்தார். “இது பழைய மெஷின்தானே, தூளுக்குப் பாவிக்கிறதில்லையே. சரி, செய்யுங்க,” என்றார்.

பெல்ட் விறைத்துப் போயிருந்தது. ஃபிட்டர் வந்து மாற்றி ஓடவைத்தபோது மதியச் சாப்பாட்டு நேரம் தாண்டிவிட்டது. வினோவரில் விசிறி ஒரு பக்கமிருந்து ஊதும். கனமானது கிட்டத்துத் துவாரத்தில் விழும், லேசானது தூரத்துத் துவாரத்துக்குப் பறக்கும். காற்றை எவ்வளவு வைப்பது என்று யாருக்கும் தெரியாது. தர்ஷினி குப்பியைத் திறந்து, தன்னிடம் இருந்ததில் உடைந்த சில துண்டுகளை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு கழிவோடு கலந்து போட்டாள். இருந்ததையும் பணயம் வைத்த மாதிரிதான்.

முதல் தடவை காற்று கூடிவிட்டது. எலும்பு நடுத் துவாரத்துக்குப் போனது. குறைத்தோம். இரண்டாவது தடவை அவள் போட்ட துண்டுகள் கிட்டத்துத் துவாரத்தில் விழுந்தன.

அப்போது செல்லம்மா தூரத்துத் துவாரத்துக் கழிவைக் கிளறி, “இங்கயும் எலும்பு வந்துருச்சே,” என்றார். தர்ஷினி அதைப் பறித்து வாங்கினாள். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். முழு மீன் முள், வாலோடு.

முத்தையா தலையைச் சொறிந்தான். “அது நான் தின்ன நெத்தலிங்க. சாப்பாட்டுக் கோப்பைய அங்கதான் தட்டினேன்.”

“கழிவு ரூம்ல சாப்பிடக் கூடாதுன்னு எத்தன தரம் சொல்லியிருக்கேன்,” என்றேன்.

“திட்டாதீங்கய்யா,” என்றாள் தர்ஷினி. அன்று காலை வந்ததிலிருந்து அப்போதுதான் சிரித்தாள். “நெத்தலி பறந்துருச்சு, என் எலும்பு விழுந்துருச்சு. பச்சை எலும்புக்கும் கல்லான எலும்புக்கும் இதவிடச் சோதனை வேணுமா?”

அன்றும் சனிக்கிழமையும் மூன்று மூட்டைக் கழிவையும் ஊதினோம். கிட்டத்துத் துவாரத்தில் சேர்ந்ததை மட்டும் அவள் சொன்னபடி தண்ணீரில் போட்டுக் கழுவினோம். பஞ்சு இல்லாததால் களியாகவில்லை. எலி வெட்டுப் பற்கள், தவளைக் கால் எலும்பு, வளையம் வளையமாக மீன் முதுகெலும்பு, நண்டுக் கொடுக்கின் நுனி என்று மேசை நிறைந்தது. செல்லம்மா நண்டுக் கொடுக்கைத் தூக்கிப் பார்த்து, “எந்தக் காலத்து நண்டோ, இன்னும் கிள்ளுற மாதிரியே இருக்கு,” என்றார். எல்லாம் திரும்பி வந்ததா என்று கேட்டால், தெரியாது. வேலையைத் தொடரப் போதுமானது வந்தது என்றாள் தர்ஷினி. அவளுடைய ஆராய்ச்சி நிற்கவில்லை.

4. சிவப்புக் கூடை

மிச்ச மூட்டைகளுக்கு ஹட்டனிலிருந்து சிவப்பு பிளாஸ்டிக் கூடைகள் வாங்கி வந்து, மேசையின் வலது பக்கத்தில் வைத்தோம். கல் இடது பக்கம் போனது. முத்தையா அதற்குப் பிறகு சிவப்புக் கூடையைக் கண்டால் ஒரு முழம் தள்ளி நடப்பான்.

தம்பி தங்கைகளே, புதிய வேலை ஒன்று உங்கள் ஸ்டோருக்குள் வந்தால் ஆட்களுக்குச் சொல்லிக்கொடுத்தது போதும் என்று இருந்துவிடாதீர்கள். கூடையை மாற்றுங்கள், நிறத்தை மாற்றுங்கள், வைக்கும் இடத்தை மாற்றுங்கள். மனிதருக்கு வேலை மறந்தாலும் கைக்குப் பழக்கம் மறக்காது. அந்தப் பழக்கத்தால்தான் மூன்று மூட்டையை ஒரே நாளில் பொறுக்க முடிந்தது. அதே பழக்கம்தான் அதைக் கழிவிலும் கொண்டுபோய்க் கொட்டியது.

ஒன்று மட்டும் பாக்கி. வினோவரில் எலும்போடு சேர்ந்து விழுந்ததில் ஒரு விதையின் துண்டும் இருந்தது. கறுத்த, தடித்த ஓடு. தேயிலைக் குடும்பத்து விதை போலிருக்கிறது என்றாள் தர்ஷினி. நம் காடுகளில் தேயிலைக்கு ஒன்றுவிட்ட சொந்தமான மரங்கள் உண்டு. அவற்றின் மூதாதை ஒன்று அந்தச் சரளையில் கிடந்திருக்கலாம்.

“நம்ம தேயிலக் கொட்டதான் இது. கழிவுலேருந்து வந்துருக்கும்,” என்றார் செல்லம்மா.

“கொழுந்தோட கொட்ட வந்தா கங்காணி விடுவாரா? நான் கூட்டுற எடத்துல அப்புடி ஒண்ணு கெடந்ததில்ல,” என்றான் முத்தையா.

“நெத்தலி முள்ளு மட்டும் கெடக்குமாக்கும்.”

கழிவோடு கலக்காத மூட்டைகளில் அப்படி இன்னொன்று கிடைத்திருந்தால் சந்தேகம் தீர்ந்திருக்கும். கிடைக்கவில்லை. காலத்தைக் கணக்கிட அனுப்பினால் அந்தத் துண்டை எரித்துத்தான் பார்க்க வேண்டுமாம். இருப்பது அது ஒன்றே என்பதால் அவள் அனுப்பவில்லை. தனிக் குப்பியில் போட்டு, ‘படுகையா, தொழிற்சாலையா, உறுதியில்லை’ என்று எழுதி ஒட்டியிருக்கிறாள். படத்தை விதை ஆராய்கிற ஒருவருக்கு அனுப்பியிருக்கிறாள். இதை எழுதும் இன்றுவரை அவரிடமிருந்து பதில் இல்லை. என் குறிப்பில் அந்த விதைக்கு எதிரே காலம் என்ற இடத்தை வெறுமையாக விட்டிருக்கிறேன்.