நான்கு காலும் தரையில்

பிரிக்ஃபீல்ட்ஸில் நண்பர் வீட்டுக்குப் போயிருந்தேன். கேட்டைத் திறந்ததும் ஒரு நாய்க்குட்டி பாய்ந்து வந்து என் கால்சட்டையில் தொற்றிக்கொண்டது. "அங்கிள், திரும்பி நில்லுங்க! அதப் பாக்காதீங்க!" என்று உள்ளிருந்து நண்பரின் மகள் கத்தினாள். நானும் சுவரைப் பார்த்து நின்றேன். ஐம்பதை நெருங்கும் ஆள் வகுப்பில் தண்டனை வாங்கியவன் மாதிரி நின்றால் யாருக்குத்தான் சிரிப்பு வராது? நண்பர் சிரித்தார். எனக்கோ சாலாக் செலாத்தானில் இருந்த எங்கள் வீட்டுக் கேட்டும் கோப்பியும் ஞாபகம் வந்துவிட்டது.

கோப்பி எங்கள் நாய்க்குட்டி. பால் ஊற்றாத காப்பி நிறம், அதனால் அந்தப் பெயர். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் வந்தது. அப்பா போர்ட் கிள்ளானில் லோரி ஓட்டினார். அவர் கேட்டைத் தாண்டும் முன்பே கோப்பி தாவும். அவரும் "வாடா என் ராஜா" என்று குனிந்து கொடுப்பார். சட்டையில் சேற்றுக்கால் பதியும். அம்மா துவைத்துத் துவைத்துத் திட்டுவார். அப்பாவை இல்லை, நாயை.

பிறகொரு நாள் லோரியிலிருந்து இறங்கும்போது விழுந்து அப்பாவுக்கு இடுப்பெலும்பு முறிந்தது. இன்னொரு முறை விழுந்தால் நடப்பதே கஷ்டம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த அம்மா செருப்பைக்கூடக் கழற்றவில்லை. "அப்பா வீட்டுக்கு வர்றதுக்குள்ள இது தாவுறத நிப்பாட்டணும். இல்லன்னா ரவாங்ல சித்தப்பா வீட்டுல கொண்டுபோய் விட்டுடு."

நாய் டாக்டரிடம் கேட்டேன். கத்தினாலும் தள்ளினாலும் குட்டிக்கு அது விளையாட்டுதானாம். தாவினால் பேசாமல் முதுகைக் காட்டி நிற்க வேண்டும். நான்கு காலும் தரைக்கு வந்த பிறகே கொஞ்சலும் பிஸ்கட்டும். கேட்கச் சுலபமாகத்தான் இருந்தது.

ஆனால் நம் வீடுகளில் வந்தவரைப் பார்த்து முகத்தைத் திருப்பினால் என்ன அர்த்தம் என்று உங்களுக்குத் தெரியாதா? பக்கத்து வீட்டு ஆன்டி பலகாரத் தட்டோடு வந்தார். கோப்பி அம்மா மேல் தாவியது. அம்மா சட்டென்று சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"நான் என்ன தப்பு பண்ணேன்? மொகத்தத் திருப்புறீங்க?" என்றார் ஆன்டி.

"ஐயோ, உங்களுக்கு இல்லக்கா, நாய்க்குத்தான்லா!" என்றார் அம்மா, சுவரைப் பார்த்தபடியே.

டீ போட்டுக் கொடுத்துத்தான் சமாதானம் செய்ய முடிந்தது. அடுத்த முறை ஆன்டியே கேட்டுக்குள் வந்து முதுகைக் காட்டி நின்றார். எதிர் வீட்டுக்காரர்கள் ஏதோ வேண்டுதல் என்று நினைத்திருப்பார்கள்.

அப்பா வாக்கரைப் பிடித்துக்கொண்டு வீட்டுக்கு வந்த அன்று நான் பிஸ்கட்டோடு கேட்டருகே நின்றேன். கோப்பி ஓடி வந்தது. உடம்பெல்லாம் ஆடியது, முனகியது, ஆனால் அவர் காலடியில் உட்கார்ந்துவிட்டது. எனக்குக் கத்த வேண்டும் போல் சந்தோஷம். அப்பாவின் முகம்தான் வாடிப்போயிற்று.

"என்னடா, என்னை மறந்துட்டியா?"

"மறக்கலப்பா. தாவக்கூடாதுன்னு பழக்கியிருக்கோம்" என்றேன்.

அவர் மெதுவாக நாற்காலியில் உட்கார்ந்து தொடையைத் தட்டினார். "இப்ப வா." கோப்பி அம்மாவைப் பார்த்தது. அம்மா சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். இந்த முறை நாய்க்காக இல்லை, கண்ணைத் துடைத்துக்கொள்ள. அப்பா மடியில் இரண்டு முன்னங்கால்கள் ஏறின.

அந்த வீட்டில் இப்போது வேறு யாரோ இருக்கிறார்கள். அப்பாவும் இல்லை, கோப்பியும் இல்லை. நண்பரின் மகள், "ஸாரி அங்கிள், கால்சட்டை எல்லாம் அழுக்கு" என்று ஈரத்துணி கொண்டு வந்தாள். துடைக்க வேண்டாம் என்றேன். அந்த அழுக்கோடே ரயிலேறி வீட்டுக்கு வந்தேன். கேட்டைத் திறந்துவிட்டுக் கொஞ்ச நேரம் நின்றேன். யாரும் ஓடி வரவில்லை.