பம்பு சத்தம் நிற்கக்கூடாது

சத்துணவு சாப்பிட்டதும் எல்லோரும் அடிபம்புக்கு ஓடுவோம். தட்டைக் கழுவி, வாய் கொப்பளித்து, வயிறு நிறையத் தண்ணீர் குடித்துவிட்டு வருவோம். எங்கள் வகுப்பில் அவள் ஒருத்தி மட்டும் தட்டைக் கழுவுவாள், குடிக்க மாட்டாள். ஒரு நாள் என்றால் நானும் விட்டிருப்பேன். தினமும் அப்படித்தான்.

இதையெல்லாமா ஒருத்தி பார்த்துக்கொண்டிருப்பாள் என்றால், நான் பார்ப்பேன். சின்ன வயதிலிருந்தே கவலைப்படுவது எனக்கு ஒரு வேலை மாதிரி. பஸ் வராவிட்டால் என்ன செய்வது என்று கவலைப்படுவேன். வந்துவிட்டால் கவிழுமோ என்று கவலைப்படுவேன். "ஊரு கவலையெல்லாம் உன் தலையிலதான் கீது" என்பாள் அம்மா.

அவள் என்று இப்போது எழுதுகிறேன். ஒன்பதாவது படிக்கும்போது வருகைப் பதிவேட்டில் அவள் பையன். பையன்கள் பெஞ்சில், பையன்கள் சட்டையில்தான் இருந்தாள். நடையும் பேச்சும் சிரிக்கும்போது வாயைப் பொத்துவதும் எங்களைப் போல. பத்தாவது படித்த பையன்கள் அவளை "ஒம்போது, ஒம்போது" என்று கூப்பிடுவார்கள். ஆசிரியர் கேட்டால் "ஒம்போதாவது படிக்கிறான்ல சார், அத்த சொன்னோம்" என்று பல்லைக் காட்டுவார்கள்.

ஒரு நாள் காலைப் பிரேயரில் அவள் மயங்கி விழுந்தாள். நீர்க்கடுப்பு, காய்ச்சல், நாலைந்து நாள் லீவு. திரும்பி வந்த அன்றைக்கும் தட்டைக் கழுவினாள், குடிக்கவில்லை. நான் பக்கத்தில் போய் நின்றேன்.

"டாக்டர் தண்ணி குடிக்கச் சொல்லலியா?"

"சொன்னாரு."

"அப்புறம் இன்னா?"

"குடிச்சா போவணும்ல."

கழிப்பறை பள்ளிக்குப் பின்னால், மதில் ஓரமாக இருந்தது. கதவுக்குத் தாழ்ப்பாள் இல்லை. இன்டர்வெல் பெல் அடித்ததும் அந்தப் பத்தாவது பையன்கள் அங்கே போய் நின்றுகொள்வார்கள். அவள் உள்ளே போனால் கதவை உதைத்துத் திறந்துவிட்டுக் கும்பலாகச் சிரிப்பார்கள். அதனால் காலையில் வீட்டை விட்டுக் கிளம்பியது முதல் சாயங்காலம் வீடு போய்ச் சேரும் வரை அவள் போவதே இல்லை.

"எவ்ளோ நாளைக்கு இப்பிடி?" என்றேன்.

"நின்னுடலாம்னு கீறேன். பத்தாவதுல்லாம் நமக்கு எங்க."

படிக்காத பிள்ளை சொன்னால் பரவாயில்லை. அவள் மூன்றாவது ரேங்க். எனக்கு அன்றைக்கு ராத்திரிச் சோறு இறங்கவில்லை. கவலைப்பட்டுப் பழகியவளுக்கு ஒரு வசதி உண்டு. எது எப்போது நடக்கும், யார் எங்கே நிற்பார்கள் என்று எல்லாம் மனப்பாடமாக இருக்கும். பையன்கள் பெல் அடித்த பிறகுதான் வருகிறார்கள். பெல்லுக்கு முன்னால் அங்கே ஆளே இல்லை.

பெல்லுக்கு முன்னால் வகுப்பை விட்டு வெளியே போக எங்கள் பள்ளியில் ஒரே ஒரு வழி இருந்தது. சுற்றுச்சூழல் மன்றம். பேருக்குத்தான் மன்றம், மதில் ஓரம் ஐந்து புங்கங்கன்றுகள், அவற்றுக்குத் தண்ணீர் ஊற்றுகிறவர்களுக்கு வகுப்பிலிருந்து முன்கூட்டியே போக அனுமதி. வெயிலில் குடம் தூக்க யாருக்கும் ஆசையில்லை. நான் கையைத் தூக்கினேன். அவளையும் தூக்கச் சொன்னேன். பின் பெஞ்சில் ஒருத்தன் இருந்தான், வாய் சும்மா இருக்காதவன். வகுப்பிலிருந்து தப்பிக்கலாம் என்ற ஒரே காரணத்துக்காக அவனும் தூக்கினான். முதல் நாளே அவனுக்கு விஷயத்தைச் சொல்லவேண்டியதாயிற்று. குடத்தைக் கீழே வைத்துவிட்டுக் கழிப்பறைக் கதவைப் போய்ப் பார்த்துவிட்டு வந்தான். பிறகு, "சரி, நான் பம்பு அடிக்கிறேன்" என்றான்.

அடிபம்பு கழிப்பறைக்கு எதிரிலேயே இருந்தது. எண்ணெய் காணாத பம்பு. கிரீச் கிரீச் என்று ஊருக்கே கேட்கும். அதுதான் எங்கள் ஏற்பாடு. அவள் உள்ளே இருக்கும்வரை பம்பு சத்தம் நிற்கக்கூடாது. சத்தம் கேட்டுக்கொண்டிருந்தால் நாங்கள் நிற்கிறோம், யாரும் வரவில்லை என்று அர்த்தம். நின்றால், அவசரமாக வெளியே வந்துவிட வேண்டும்.

முதல் நாள் நான் குடத்தைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"இன்னாமே, குடம் டான்ஸ் ஆடுது? நீ நடுங்குறதுல பாதித் தண்ணி கீழ போவுது பாரு" என்றான் அவன்.

உள்ளேயிருந்து அவள் சிரிக்கிற சத்தம் கேட்டது. வெளியே வந்ததும் அவளையும், "இன்னாமே, சிரிப்பு?" என்றான். பெண்பிள்ளைகளைக் கூப்பிடுகிற அந்த 'மே'யைக் கேலிக்குத்தான் சொன்னான். அவள் முகத்தைப் பார்த்த பிறகு கேலியை விட்டுவிட்டான், அப்படிக் கூப்பிடுவதை விடவில்லை.

காலை இன்டர்வெல், மதியம், சாயங்காலம் என்று மூன்று வேளையும் போனோம். அவள் தண்ணீர் குடித்தாள். உதட்டு வெடிப்பு ஆறியது. மன்றத்துக்கு ஆளும் சேர்ந்தது. கிராப்பு வெட்டிக்கொண்டு வந்து தினமும் திட்டு வாங்கும் ஒரு பெண் வந்தாள். ஏன் வந்தாள் என்று அவளும் சொல்லவில்லை, நாங்களும் கேட்கவில்லை. பம்பு அடிப்பதில் அவனையே தோற்கடித்தாள்.

நான் எதற்கெல்லாமோ கவலைப்பட்டேன். பையன்கள் கண்டுபிடித்துவிடுவார்களோ, பம்பு உடைந்துவிடுமோ, என் அம்மா காதுக்குப் போய்விடுமோ. செடிகளுக்காக மட்டும் கவலைப்படத் தோன்றவில்லை. பம்பு சத்தம் நிற்கக்கூடாதென்றால் தண்ணீர் வந்துகொண்டே இருக்கும். கோடையில் தண்ணீரைத் தரையில் விட்டால் பிடித்துக்கொள்வார்கள். எல்லாவற்றையும் செடியிலேயே ஊற்றினோம். இலைகள் மஞ்சளாகின. தண்ணீர் போதவில்லையோ என்று இன்னும் ஒரு குடம் ஊற்றினோம்.

மன்றத்தைக் கவனித்த அறிவியல் சார் திருநெல்வேலிப் பக்கத்துக்காரர். ஒரு நாள் வந்து ஒரு கன்றைப் பிடித்து இழுத்தார். சேற்றிலிருந்து அழுகின கத்தரிக்காயின் காம்பு மாதிரி வந்துவிட்டது. வேர் கறுத்து நாறியது.

"எத்தன தடவ ஊத்துதிய?"

"மூணு வேளை சார்."

"மூணு வேளையா? இது செடியா, எருமை மாடா? வேரு அழுவிப் போச்சு பாரு. நாளையில இருந்து ஒருத்தரும் கிளாஸ விட்டு வெளிய வரக்கூடாது. நானே பாத்துக்கிடுதேன்."

மறுநாள் மதியம் அவள் தட்டைக் கழுவினாள், குடிக்கவில்லை. அதற்கு மறுநாள் பள்ளிக்கே வரவில்லை.

எனக்கு ஆசிரியர்கள் அறைக்குப் போவதென்றாலே ஒரு கவலை. வாசலில் நின்று உள்ளே போகலாமா வேண்டாமா என்று மூன்று தடவை திரும்பினேன். இந்தக் கவலை பெரிதா, அவள் பள்ளியை விட்டு நின்றுவிடும் கவலை பெரிதா என்று எடை போட்டுப் பார்த்தேன். போனேன்.

"சார், அந்தத் தண்ணி மரத்துக்கு இல்ல சார்."

"பின்ன யாருக்கு?"

சொன்னேன். கதவு, உதை, சிரிப்பு, மயக்கம் எல்லாம் சொன்னேன். அவர் சுற்றுமுற்றும் பார்த்தார்.

"ஏ பிள்ள, இதெல்லாம் நீ பேசலாமா? அவன ஒழுங்கா நடக்கச் சொல்லு. ஒருத்தனும் ஒண்ணும் சொல்ல மாட்டான்."

"அது ஒழுங்காதான் சார் கீது. கதவ ஒதைக்கிறவங்கதான் ஒழுங்கா இல்ல."

என் வாயிலிருந்துதான் வந்ததா என்று எனக்கே பயமாகிவிட்டது. அவர் கையிலிருந்த சாக்பீஸைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"தாழ்ப்பா போடச் சொல்லுதேன்."

"போன வருசமே போட்டாங்க சார். புடுங்கிட்டாங்க."

"அஞ்சு செடிக்கு மூணு வேளையும் உங்கள வெளிய விட்டா எச்.எம். என்னையில்லா கேப்பாரு?"

"எத்தன செடி இருந்தா சார் மூணு வேளை ஊத்தணும்?"

அவர் நிமிர்ந்து ஜன்னல் வழியாக மதிலைப் பார்த்தார். "மதிலு நீளத்துக்கும் வச்சா ஊத்தணும்" என்றார். நான் வாசலுக்கு வந்த பிறகு பின்னாலிருந்து குரல் வந்தது. "நான் செடி வாங்கித் தர மாட்டேன், கேட்டியா? துட்டு கெடையாது."

அன்று சாயங்காலமே அவள் வீட்டுக்குப் போனேன். "செடி புடுங்கப் போறோம், வரியா?" என்றேன். மறுநாள் எல்லோருக்கும் முன்னால் வந்து நின்றாள்.

வல்லம் வடகால் பக்கம் அப்போது கம்பெனிகளுக்காக நிலத்தைச் சமன் செய்துகொண்டிருந்தார்கள். வரப்புகளில் வேம்பும் புங்கமும் தானாக முளைத்து முழங்கால் உயரம் நின்றன. பொக்லைன் வரப்பை நோக்கி வந்துகொண்டிருந்தது. எங்கள் பம்புக்காரன் கையை விரித்துக்கொண்டு அதன் முன்னால் போய் நின்றான்.

"அண்ணே, கொஞ்சம் தூக்கிவச்சிகினு இருண்ணே!"

"இன்னாடா, சாவணும்னு ஆசையா?" என்று கத்தினார் ஓட்டுநர்.

"செடிண்ணே. எப்பிடியும் நீ தள்ளத்தான போற, நாங்க எடுத்துக்கிறோம்."

"சீக்கிரம் புடுங்குங்க. இன்னா, தோட்டம் போடப் போறீங்களா?"

"ஆமாண்ணே, பெரிய தோட்டம்" என்றாள் அவள்.

"பூ பூத்தா எனக்கொரு முழம் குடு" என்று பொக்லைன் கையை மேலேயே நிறுத்தி வைத்தார். வேரோடு மண் உதிராமல் தோண்டி, துண்டில் கட்டி, தலையில் வைத்துக்கொண்டு நடந்தோம். மதில் நீளத்துக்கும் வைத்தோம். இந்தத் தடவை கன்றுக்கு ஒரு சொம்பு, அதற்கு மேல் இல்லை. சார் வந்து பார்த்தார். மண்ணைத் தொட்டுப் பார்த்தார். மறுநாளிலிருந்து பெல்லுக்கு முன்னால் எங்களை வெளியே விட்டார்கள்.

நாங்கள் பத்தாவது போனபோது அந்தப் பையன்கள் பள்ளியை விட்டுப் போயிருந்தார்கள், கதவை உதைக்க வேறு கும்பல் வந்திருந்தது. அரையாண்டுப் பரீட்சை முடிந்ததும் நான் நின்றுவிட்டேன். அம்மாவுக்கு ஒரகடத்தில் கம்பெனி கேண்டீனில் வேலை கிடைத்தது, ஷிப்டு வேலை. தம்பி அப்போதுதான் நடக்க ஆரம்பித்திருந்தான். "கொஞ்ச நாளைக்குத்தான்" என்றாள் அம்மா. எவ்வளவு நாளைக்கு என்று எனக்குத் தெரியும். எனக்காக அழுததைவிட, பம்படியில் என் இடத்தில் யார் நிற்பார்கள் என்றுதான் அதிகம் பயந்தேன். கிராப்புக்காரி நின்றாள். சாயங்காலம் பஸ் நிறுத்தத்தில் தம்பியோடு காத்திருந்து கேட்பேன்.

"சத்தம் நின்னுச்சா?"

"நிக்கல."

பொதுத்தேர்வுக்கு மையம் எங்கள் பள்ளி இல்லை, ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் ஒரு பெரிய பள்ளி என்று தெரிந்த அன்றைக்கு அவள் என் வீட்டுக்கு வந்தாள். நாலைந்து பள்ளிப் பையன்கள் வருவார்கள். அங்கே எங்கள் மதில் இல்லை, எங்கள் மரம் இல்லை, எங்கள் பம்பு இல்லை.

"நான் எழுதலடி" என்றாள்.

"எழுதற."

"அங்க எவ்ளோ பசங்க தெரியுமா?"

"தெரியும். எனக்குத்தான் எல்லாம் முன்னாடியே தெரியுமே. முதல் பஸ்ல போறோம்."

"நீ எதுக்கு? நீதான் எழுதலியே."

"அதனாலதான் வரேன். எனக்குப் படிக்க வேண்டிய வேலை இல்ல பாரு."

தமிழ் முதல் தாள் அன்றைக்கு முதல் பஸ்ஸில் ஏறினோம். அவள், பம்புக்காரன், இடுப்பில் தம்பியோடு நான், ஒரு பிளாஸ்டிக் குடம். "குடத்துக்கு டிக்கெட்டா, பாசா?" என்றார் கண்டக்டர். "அதுவும் பரீட்ச எழுதுதுண்ணா" என்றான் பம்புக்காரன்.

பள்ளி கேட்டில் வாட்ச்மேன் தடுத்தார். "இன்னும் டைம் ஆவல. யாரு நீங்க?"

"மரத்துக்குத் தண்ணி ஊத்த வந்தோம்" என்றேன். ராத்திரி முழுவதும் யோசித்து வைத்த பதில்.

"எந்த மரத்துக்கு?"

"எது காஞ்சிகினு கீதோ அதுக்கு" என்றான் பம்புக்காரன்.

அவர் குடத்தைப் பார்த்தார், தம்பியைப் பார்த்தார், கேட்டைத் திறந்தார்.

கழிப்பறை பின்புறம் இருந்தது. ஆள் நடமாட்டம் இல்லை. இருந்தும் அவள் வாசலிலேயே நின்றாள். எனக்குப் புரிந்தது. குழாயைத் திறந்தால் தண்ணீர் சத்தமே இல்லாமல் வந்தது. ஒரு வருஷத்துக்கு மேலாக அவள் கிரீச் கிரீச் சத்தத்தை நம்பியே உள்ளே போனவள். தம்பியை இறக்கிவிட்டேன். குடத்தைக் கவிழ்த்து அவன் முன்னால் வைத்தேன். வீட்டில் அவன் அடித்தால் பிடுங்கிவிடுவேன். இங்கே, "அடிடா" என்றேன். அவனுக்கு நம்ப முடியவில்லை. இரண்டு கையாலும் அடிக்க ஆரம்பித்தான்.

அவள் உள்ளே போனாள். நானும் பம்புக்காரனும் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நின்றோம். வெளியே வந்து முகம் கழுவி, என் முந்தானையில் துடைத்துக்கொண்டு, குழாயில் வாய் வைத்துத் தண்ணீர் குடித்தாள். நாங்கள் பார்க்கப் பார்க்கக் குடித்தாள்.

ஒவ்வொரு பரீட்சைக்கும் அப்படியே போனோம். வாட்ச்மேனிடம் சொன்னது பொய்யாகிவிடக் கூடாதென்று, அங்கே காய்ந்து நின்ற ஒரு வேப்பமரத்துக்கு ஒவ்வொரு தடவையும் ஒரு குடம் ஊற்றினேன். கடைசிப் பரீட்சையன்று பஸ் தாமதமானது. எனக்கு உயிர் போய் வந்தது. ஓடிப்போனபோது கேட் ஏற்கெனவே திறந்திருந்தது.

"இன்னாம்மா, இவ்ளோ லேட்டு? மரம் காஞ்சிகினு கீது" என்றார் வாட்ச்மேன். "போங்க போங்க. பின்னாடி யாரும் போவல. நான் இங்கதான் நிக்கிறேன்."

தம்பி குடத்தை அடித்தான். அவள் போய்விட்டு வந்து, ஹால் பக்கம் நடந்தாள், திரும்பிப் பார்க்காமல். குடத்தை நிமிர்த்தி நிரப்பிக்கொண்டு எங்கள் வேப்பமரத்தடிக்குப் போனேன். மண் ஏற்கெனவே ஈரமாக இருந்தது. வாட்ச்மேன்தான் காலையிலேயே ஊற்றியிருக்க வேண்டும். இதற்கு மேல் ஊற்றினால் வேர் அழுகும். அடுத்த மரத்துக்கு ஊற்றிவிட்டு, அவள் எழுதி முடிக்கும்வரை அதன் நிழலிலேயே உட்கார்ந்தேன்.