மனைவிமார் கட்சி

எண்பதுகளின் தொடக்கத்தில் தில்லி மோதி பாக்கில் ஓர் அரசியல் கட்சி பிறந்ததைப் பக்கத்திலிருந்து பார்த்தவள் நான். முதல் கூட்டத்தில் கட்சித் தலைவி காப்பித் தட்டோடு வந்தார், ஆளுக்கொரு டம்ளர் கொடுத்தார், அடுப்படிக்குத் திரும்பிவிட்டார். அவரை உட்காரச் சொல்ல யாருக்கும் தோன்றவில்லை. அவர்தான் நான் வாடகைக்கு ஓர் அறையில் தங்கியிருந்த வீட்டு அக்கா. திருநெல்வேலிக்காரர்.

அரசு ஊழியர்கள் கட்சியில் சேரக்கூடாது என்பது விதி. மோதி பாக்கிலோ திரும்பிய பக்கமெல்லாம் அரசு ஊழியர்கள்தான். தமிழருக்காகப் பேச ஒரு கட்சி வேண்டும், வேலையும் போகக்கூடாது. ஆகவே பொறுப்புகளையெல்லாம் மனைவிமார் பெயரில் எழுதிவிட்டார்கள். கையெழுத்து மனைவியுடையது, கட்சி கணவருடையது. நானும் அரசு அலுவலகத்தில் தட்டச்சுக்காரி. எனக்கு மனைவி கிடையாது, அதனால் கட்சியில் எனக்கு இடமே இல்லாமல் போயிற்று! காதைத் தீட்டிக்கொண்டு மூலையில் உட்கார்ந்திருப்பேன்.

தில்லிக்கு அப்போது சட்டமன்றம் இல்லை. பெருநகர மன்றம் என்று ஒன்று இருந்தது. அதற்குத் தேர்தல் வந்தது. எங்கள் குடியிருப்பு வாக்குகள் எந்த மூலைக்கு? ரயில் பாதையோரத் தமிழர் குடிசைகளில், தில்லி வழக்கில் ஜுக்கிகளில், உறுப்பினர் சேர்க்கலாம் என்று பேசினார்களே தவிர, அந்தப் பக்கம் போக எந்த அதிகாரிக்கும் கால் எழவில்லை. அக்கா போனார். எங்கள் வீட்டில் பாத்திரம் தேய்த்த சேலத்துப் பெண்தான் கூட்டிப் போனாள். "கட்சியில சேர்றோம்க்கா. எங்க ஜுக்கிக்கு ஒரு தண்ணிக் குழாய் வாங்கிக் குடு," என்று அங்கே கேட்டார்களாம். அதற்குப் பிறகு அக்காவை அடுப்படியில் பார்ப்பது அபூர்வமாகிவிட்டது. குழாய், குழாய் என்று அதே பேச்சு.

கட்சி மளமளவென்று வளர்ந்தது. வேட்பாளரைத் தேர்ந்தெடுத்த ஞாயிற்றுக்கிழமை, குடிசைப் பெண்கள் வந்து கூடம் முழுக்கச் சம்மணமிட்டு உட்கார்ந்துவிட்டார்கள். அதிகாரிகளுக்குச் செருப்புக் குவியலுக்குப் பக்கத்தில்தான் நிற்க இடம் கிடைத்தது. ஓய்வுபெற்ற ஒரு செக்‌ஷன் ஆபீசரை நிறுத்துவதாக அவர்கள் முன்பே பேசிவைத்திருந்தார்கள். கூடமோ பாத்திரம் தேய்க்கும் பெண்ணுக்குக் கை தூக்கியது.

"வேலைக்காரியவா நிறுத்தறது? அச்சா, ரொம்ப நல்லா இருக்கு!" என்று ஒருவர் குதித்தார்.

"மெம்பருங்க கை தூக்குனா அதான் முடிவு. நீங்க எழுதுன சட்டந்தானே அண்ணாச்சி," என்றார் அக்கா.

ஒரே வாரத்தில் கட்சி படுத்துவிட்டது. வீட்டுக்கு வீடு, கணவர் எழுதிக்கொடுத்த ராஜினாமாவில் மனைவி கையெழுத்துப் போட்டார். அக்காவின் கணவர், "எவனாவது மொட்டைப் பெட்டிஷன் போட்டா என் வேலை போயிரும்மா," என்று அழாத குறையாகக் கெஞ்சினார். அக்காவும் கையெழுத்துப் போட்டுவிட்டார். அவர்மேல் எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல.

அந்தப் பெண் சுயேச்சையாக நின்று தோற்றாள். ஆனால் நல்ல வாக்கு வாங்கித் தோற்றாள். ஜெயித்தவர் மிரண்டுபோய் அடுத்த கோடைக்குள் குழாய் போட்டுக்கொடுத்தார்.

எங்கள் சாவடியில் வாக்களித்தவர்கள் அதிகாரிகளின் குடும்பத்தார் மட்டுமே. அங்கேயும் அவளுக்கு, ராஜினாமா செய்த மனைவிமார் எத்தனை பேரோ ஏறக்குறைய அத்தனை வாக்குகள் விழுந்திருந்தன. அவர்கள் எங்கே, எப்போது கூடிப் பேசினார்கள்? பேசினார்களா என்பதே எனக்கு இன்றுவரை பிடிபடவில்லை.

முடிவு தெரிந்த அன்று மாலை அலுவலகத்திலிருந்து வந்து மாடிப்படி ஏறினேன். கதவுக்குக் கதவு ஓர் ஆண்குரல் ஒரே கேள்வியைக் கேட்டுக்கொண்டிருந்தது: "உண்மையச் சொல்லு, நீயா போட்டே?"

எங்கள் வீட்டிலும் அதே கேள்விதான். அக்கா குழம்பை ஊற்றிக்கொண்டே சொன்னார்: "சோறு ஆறிப் போகுதுல்லா, மொதல்ல சாப்பிடுங்க."