தொண்டை கனைக்கும் வண்டி

செம்பட்டி சாலையில், ஊர் எல்லைக்குச் சற்று முன்பாக வண்டியை ஓரங்கட்டி, நியூட்ரலில் போட்டு, ஆக்சிலேட்டரை அடிவரை மிதிக்கிறார் ராயப்பராஜ். பின்னால் அண்டங்காக்காய் நிறத்தில் புகை குபுகுபுவென்று கிளம்புகிறது. மறுபடியும் மிதிக்கிறார். புகை வெளுக்கும்வரை விடுவதில்லை. “தொண்டையக் கனச்சு விட்டுட்டா, ஊருக்குள்ள அது பாட்டுக்கு அமைதியா வரும்ல” என்பது அவர் சித்தாந்தம்.

கரும்புகை விடும் சரக்கு வண்டிகள் திண்டுக்கல்லுக்குள் நுழையக் கட்டணம் என்று வந்ததிலிருந்து நடக்கும் சடங்கு இது. ஆத்தூர்த் தேங்காயை ஏற்றி வரும் அவருடைய பழைய வண்டி ஒரு தடவைகூட மாட்டியதில்லை. சோதனைச் சாவடி நெருங்கியதும் சட்டைப் பொத்தானைப் போடுவார். சிலுவை அடையாளம் வரைந்துகொள்வார். ஞானஸ்நானத்துக்குப் பிள்ளையைத் தூக்கிப் போகிறவர்போல அத்தனை பதனமாக வண்டியை உருட்டுவார்.

டீசல் பம்பைக் கழற்றிப் பார்க்கச் சொல்லி மெக்கானிக் மீரான் தலைபாடாய் அடித்துக்கொள்கிறார். இவர் காதில் ஏறுவதில்லை. “பம்புல கை வச்சா வண்டி வாரக்கணக்குல படுத்துரும். தேங்காக் கடைக்காரரு வேற வண்டி பாத்துட்டாருன்னா எம் பொழப்பு?” பயம் நியாயமானதுதான், புகைதான் நியாயமாக இல்லை.

மகள் ஏஞ்சலின் சமீபத்தில் அந்தச் சாலையோரமே வாடகைக்கு வந்து சேர்ந்தாள். கனைக்கிற இடத்தில் ஒரு வாய் காபியும் கிடைக்கிறதே என்று இவருக்கு ஏகக் குஷி.

நேற்று அவள் காபி கொண்டுவரவில்லை. இடுப்பில் குழந்தையோடு வந்து நின்றாள். குழந்தைக்கு நெஞ்சு கீச்கீச்சென்று இழுத்துக்கொண்டிருந்தது.

“எப்பா, புகை ஆகவே ஆகாதுன்னுட்டாரு டாக்டரு. கொஞ்சம் தள்ளிப் போயி வச்சுக்கப்பா.”

ராயப்பராஜ் பேரனின் முதுகைத் தடவிக் கொடுத்தார். வண்டியைக் கொஞ்ச தூரம் ஓட்டிப்போய் நிறுத்தினார். அங்கே ஒரு வீட்டுக் கொடியில் சின்னச் சின்னச் சட்டைகள் காய்ந்தன. இன்னும் தள்ளிப் போனார். அங்கே பால்வாடி. எங்கே நிறுத்தினாலும் யாரோ ஒருவர் வாசல். கனைக்காமலேயே சாவடிக்கு வந்து சேர்ந்தார்.

அங்கே பணியில் இருந்த பவித்ரா, தெரிந்த வண்டிதானே என்று புகை பார்க்கும் குழாயைக்கூட எடுக்கவில்லை. “ஒங்க வண்டிக்கு என்ன, சுத்தமான வண்டி. போங்கண்ணே” என்று கையசைத்தார்.

ராயப்பராஜ் போகவில்லை. எஞ்சினை அணைத்தார். இறங்கிப் பின்பக்கம் நடந்தார். புகைக்குழாய்க்குள் விரலை விட்டு, சூடு பொறுக்காமல் ஒரு உதறு உதறி, கரி அப்பிய அந்த விரலைப் பவித்ராவிடம் நீட்டினார்.